துரை வந்துச்சு

வாசலில் கிடக்கிற கல்தொட்டி போனால்தான் வீட்டுக்கு வருவேன் என்று சொல்லிவிட்டு, உமர் பாருக்கின் மனைவி பாத்திமா உத்தமபாளையத்தில் தங்கை வீட்டில் போய் உட்கார்ந்துகொண்டாள். வீம்புக்குச் சொன்னதில்லை. அந்தத் தொட்டியில் தடுக்கி விழுந்து, கணுக்கால் முறிந்து, தேனி ஆஸ்பத்திரியில் பிளேட் வைத்துத் தைத்துக்கொண்டு வந்தவள் சொன்னது.

தொட்டி ஆள் நீளம் இருக்கும். வாசற்படிக்குக் குறுக்கே கிடந்தது. யார் வந்தாலும் வயிற்றை எக்கி, பக்கவாட்டில் நடந்து, சுவரை உரசிக்கொண்டுதான் வீட்டுக்குள் நுழைய முடியும். கட்டுக்காலோடு பாத்திமாவால் அப்படி நுழைய முடியாது. சின்னமனூரில் வாழை மண்டி வைத்திருக்கும் உமர் பாருக்கு ஒரு வார்த்தை சொன்னால் மண்டி ஆட்கள் வந்து கடப்பாரை போட்டு நெம்பித் தூக்கிவிடுவார்கள். ஆனால் தொட்டி அதற்குள் வரலாறாகிவிட்டது. வரலாற்றைக் கடப்பாரை போட்டு நெம்ப முடியுமா?

கம்பம் பள்ளத்தாக்கில் எந்த ஊருக்குப் போனாலும் அணை கட்டின வெள்ளைக்காரத் துரையின் படம் ஒரு டீக்கடையிலாவது மாட்டியிருக்கும். தண்ணீர் தந்த மனிதர், மாட்ட வேண்டியதுதான். அதோடு நிற்காமல் ஒவ்வொரு ஊரும் துரையோடு ஒரு சொந்தமும் வைத்திருந்தது. ஒரு ஊரில் அவர் குதிரை கட்டினாராம், இன்னொரு ஊரில் மோர் குடித்தாராம், ஒரு ஊரில் காய்ச்சலில் படுத்திருந்தாராம். மார்க்கையன்கோட்டையைத் தாண்டி இருக்கிற ஓடைமேட்டுப்பட்டியில் மட்டும் துரை ஒன்றுமே செய்யவில்லை. ஒரு தும்மல்கூடப் போடவில்லை. ஊர்க்காரர்களுக்கு இது பெரிய மனக்குறை. பெண் எடுக்கப் போன இடத்திலெல்லாம் இதைச் சொல்லிக் கேலி செய்தார்கள்.

ஆகவே முன்னாள் பஞ்சாயத்துத் தலைவர் தங்கப்பாண்டியன் ஊர் வரலாற்றுக் குழு ஒன்றை ஆரம்பித்தார். அவரே தலைவர். தேனியில் ஒரு கல்லூரியில் தமிழ் சொல்லிக்கொடுக்கும் சுரேஷ்கண்ணன் செயலாளர். சுரேஷ்கண்ணன் வயசாளிகளின் வீடு வீடாகப் போய், போனில் பதிவு செய்து, "ஊருக்குத் துரை வந்ததுண்டா?" என்று கேட்டான். என்ன ஆச்சரியம், எல்லாரும் வந்தது என்றார்கள். வந்தது மட்டுமில்லை, உமர் பாருக்கு ராவுத்தர் வீட்டு வாசலில் இருக்கிற கல்தொட்டியில்தான் துரை தண்ணீர் குடித்தது என்றும் சொன்னார்கள். தங்கப்பாண்டியன் அன்றைக்குக் கண்கலங்கிப் போனார்.

மறுவாரமே தொட்டிக்கு வெள்ளையடித்து, சுற்றிக் கம்பி வேலி போட்டு, 'துரை தாகம் தீர்த்த இடம்' என்று பலகை நட்டார்கள். உமர் பாருக்குக்குப் பொன்னாடை போர்த்தினார்கள். வேலியால் வாசல் இன்னும் ஒரு சாண் குறுகியது. அந்த ஒரு சாணில்தான் பாத்திமா விழுந்தாள்.

இதில் வேடிக்கை என்னவென்றால், துரை யார் என்று உமர் பாருக்குக்கு நன்றாகத் தெரியும். அவருடைய பாட்டனார் வளர்த்த பொலிகாளை அது. வெளுத்த தோல், பூனைக்கண், யாரையும் மதிக்காத நடை. அதனால் துரை என்று பெயர். சுற்றுவட்டாரத்தில் யார் வீட்டுப் பசுவுக்கும் துரைதான். பொன்னாடை விழுந்தபோதே அவர் இதைச் சொல்லியிருக்கலாம். தோளில் சரிகை பளபளத்த நேரத்தில் வாய் வரவில்லை. அப்புறம் சொல்லிக்கொள்ளலாம் என்று விட்டார். நல்லது கெட்டது எதையும் அப்புறம் சொல்லிக்கொள்ளலாம் என்று விடுவது அவர் சுபாவம். பாத்திமாவுக்கு அந்தச் சுபாவத்தின் மேல்தான் அசல் கோபம், தொட்டி ஒரு சாக்கு.

பாத்திமா இல்லாத வீட்டில் உமர் பாருக்கு காலையில் ஓட்டல் இட்லி, ராத்திரி பரோட்டா என்று நாளைத் தள்ளினார். உத்தமபாளையத்துக்கு இரண்டு முறை போய்வந்தார். இரண்டு முறையும் பாத்திமா நன்றாகக் கறிக்குழம்பு ஊற்றிச் சாப்பாடு போட்டு, "தொட்டி கெடக்கா?" என்று கேட்டாள். கிடக்கிறது என்றதும் டிவியைத் திருப்பிச் சத்தத்தைக் கூட்டிவிட்டாள். பரோட்டாவைவிட, பேச ஆளில்லாத வீடுதான் அவரைத் தின்றது.

வெள்ளிக்கிழமை ஜும்மா தொழுகை முடிந்த பிறகு சமுதாயக் கூடத்தில் கூட்டம் வைத்திருந்தார்கள். சுரேஷ்கண்ணன் ஊர் வரலாற்றை மைக்கில் வாசிப்பதாக ஏற்பாடு. இன்றைக்குச் சொல்லிவிடுவது என்று உமர் பாருக்கு முன்வரிசையில் போய் உட்கார்ந்தார்.

சுரேஷ்கண்ணன் தொண்டையைச் செருமிக்கொண்டு ஆரம்பித்தான். "துரை அவர்கள் வீதியில் வருகை தந்தால் பெண்கள் மரியாதை நிமித்தம் ஒதுங்கி நிற்பார்கள். துரை அவர்கள் கழுத்தில் ஒலியெழுப்பும் பதக்கங்கள் அணிந்திருந்தார்கள். பருத்திப்பால் விரும்பி அருந்துவார்கள். கோபம் வந்தால் மண்ணைக் காலால் உதைப்பார்கள்."

கூட்டம் பக்தியோடு கேட்டது. அடுத்து அவன் சங்கிலியம்மாள் சொன்னதை வாசித்தான். துரை அவர்கள் எங்கள் தந்தையார் இல்லத்திற்கு மும்முறை எழுந்தருளினார்கள், அவர்கள் வந்து சென்ற பிறகே எங்கள் குடும்பம் பெருகித் தழைத்தது என்று அதில் இருந்தது.

சங்கிலியம்மாளின் அண்ணன் மகன் பால்பாண்டி உடனே நிமிர்ந்து உட்கார்ந்தான். இந்தப் பகுதியை சுரேஷ்கண்ணன் அவனுக்கு முன்னமே காட்டியிருந்தான். பால்பாண்டி கொஞ்சம் சிவந்த தோல்காரன், கண்ணும் லேசாகப் பூனைக்கண். துரை மூன்று முறை வந்ததையும் குடும்பம் பெருகியதையும் தன் தோலையும் சேர்த்துக் கணக்குப் போட்டுப் பார்த்து, கொஞ்ச நாளாகவே அவன் ஒரு மாதிரி நடந்துகொண்டிருந்தான். வெயிலில் இறங்குவதில்லை. கம்பங்கஞ்சியைக் கரண்டியால் குடித்தான். குடும்ப மானம் என்று ஒன்று இருப்பதை அவனுக்கு யாரும் எடுத்துச் சொல்லவில்லை. சொல்ல வந்தவர்களையும் அவன் "ஒங்களுக்குப் பொறாம" என்று அனுப்பிவிட்டான்.

உமர் பாருக்கு எழுந்து நின்றார். இதற்கு முன் ஊர்க்கூட்டத்தில் அவர் எழுந்ததே இல்லை.

"தலைவரே, துரை மனுசன் இல்ல. எங்க தாத்தா வளத்த காளமாடு" என்றார்.

கூடம் இரைந்தது. அணை கட்டியவரை மாடு என்கிறானே என்று நாலு பேர் வேட்டியை மடித்துக் கட்டினார்கள். பால்பாண்டி நாற்காலியை விட்டு எழவே முடியாமல் உட்கார்ந்திருந்தான். சுரேஷ்கண்ணனுக்கு முகம் செத்துப்போனது. இருந்தாலும் படித்தவன் இல்லையா, ராவுத்தர் சொல்வதற்கு ஆதாரம் வேண்டும் என்றான். உமர் பாருக்கு, ஆதாரம் அங்கன உக்காந்திருக்கு என்று சங்கிலியம்மாளைக் காட்டினார்.

சங்கிலியம்மாள் கடைசி வரிசையில் வெற்றிலை மென்றுகொண்டிருந்தாள். தங்கப்பாண்டியன் மைக்கை அவளிடம் கொண்டுபோய், துரை மனுசனா மாடா என்று கேட்டார். அவள் சாவகாசமாக எழுந்து போய் ஜன்னலுக்கு வெளியே வெற்றிலையைத் துப்பிவிட்டு வந்தாள்.

"அந்தத் தம்பி துரை வந்துச்சான்னு கேட்டான், நானும் வந்துச்சுன்னேன். மனுசனப் பத்திக் கேட்டிருந்தா வந்தாகன்னு சொல்லியிருக்க மாட்டேனா? எனக்கு மட்டு மருவாத தெரியாதா?"

அவ்வளவுதான் விஷயம். ஊரில் பதிவு செய்த அத்தனை வயசாளியும் வந்துச்சு, குடிச்சுச்சு, முட்டுச்சு என்றுதான் சொல்லியிருந்தார்கள். வயசாளிகள் பிரியத்தில் மரியாதை குறைத்துப் பேசுகிறார்கள் என்று சுரேஷ்கண்ணன் நினைத்தான். வீட்டுக்காரரையே அதுஇது என்று பேசுகிற பெண்கள்தானே. புத்தகத்தில் துரைக்கு மரியாதைக் குறைச்சல் வரக்கூடாதே என்று, வந்துச்சு வந்த இடத்திலெல்லாம் வருகை தந்தார்கள் என்று அடித்தான். சலங்கையைப் பதக்கமாக்கினான். பருத்திக்கொட்டையைப் பாலாக்கினான். தொழுவம் பெருகியது என்று சொன்னால் குடும்பம் பெருகியது என்று திருத்தினான். முட்டியதை மட்டும் என்ன செய்வது என்று தெரியாமல் விட்டுவிட்டான். ஒரு மாட்டை மனுசனாக்க வேறு ஒன்றும் தேவைப்படவில்லை, ஒரு விகுதி போதுமாயிருந்தது.

"அப்ப நான்?" என்றான் பால்பாண்டி, அழாத குறையாக.

"நீ ஒங்க அப்பன உரிச்சு வச்சிருக்க. போய் வெயில்ல நில்லு" என்றாள் சங்கிலியம்மாள்.

ஓடைமேட்டுப்பட்டி மறுபடியும் துரை வராத ஊராகிவிட்டது. உமர் பாருக்கு மெதுவாக, அப்ப தொட்டிய எடுத்துரலாமா என்று கேட்டார். அவர் கேட்டு முடிக்கும்முன் ஒருவன் எழுந்து, எங்க வீட்டுச் செவலப் பசு துரை வம்சம்தான் என்றான். இன்னொருவன் தன் வீட்டு மயிலைக்கன்றின் கண்ணைப் பார்த்தால் தெரியும் என்றான். பிறகு ஆளாளுக்கு ஆரம்பித்துவிட்டார்கள். ஊரிலே ஒரு மாடுகூட வெளி மாடு இல்லை, எல்லாம் துரையின் பேரன் பேத்திகள் என்று ஏற்பட்டது. மாடே இல்லாதவர்கள் விற்றுப்போன மாட்டின் கண்ணை நினைவுபடுத்திப் பேசினார்கள்.

தங்கப்பாண்டியன் கையை உயர்த்தினார். மற்ற ஊர்களுக்கு வந்த துரை மோரைக் குடித்துவிட்டுப் போய்விட்டார், நம்ம ஊர்த் துரை வம்சத்தையே கொடுத்துவிட்டுப் போயிருக்கிறது, எது பெரிது என்று கேட்டார். எல்லாரும் கைதட்டினார்கள். வரலாற்றில் ஒரு எழுத்தும் மாற்ற வேண்டாம், வருகை தந்தார்கள் என்பதை மட்டும் வந்துச்சு என்று மாற்றினால் போதும், தொட்டி முன்னைவிடப் புனிதம், அசைக்கக்கூடாது என்று தீர்மானம் போட்டார்கள். சுரேஷ்கண்ணனுக்கு உயிர் வந்தது.

உமர் பாருக்கு உட்காரவில்லை. உண்மையைச் சொன்னால் தொட்டி போகும் என்று நினைத்தார். உண்மையைச் சொல்லி, தொட்டியை இன்னும் ஆழமாக நட்டுவிட்டார்.

"ஏம்ப்பா, எம் பொண்டாட்டி வீட்டுக்கு வரமாட்டேங்குறா. எனக்கு அவ வேணும்" என்றார்.

தங்கப்பாண்டியன் மைக்கோடு பக்கத்தில் நின்றதால் அது கூடத்துக்கு வெளியேயும் கேட்டது. ஊர்க்கூட்டத்தில் ஒரு ஆம்பளை இப்படிப் பேசி யாரும் கேட்டதில்லை. எல்லாரும் தலையைக் குனிந்துகொண்டார்கள். சங்கிலியம்மாள் மட்டும் நிமிர்ந்து அவரைப் பார்த்தாள்.

தங்கப்பாண்டியன் யோசித்தார். "ராவுத்தரே, தொட்டிய நகட்ட முடியாது. வீட்டத் திருப்பிருவோம்" என்றார்.

விளையாட்டில்லை, நிஜமாகவே திருப்பினார்கள். மறுநாள் காலையில் ஊரே கடப்பாரையும் மண்வெட்டியுமாக வீட்டின் பின்பக்கச் சந்தில் கூடியது. துரை வீட்டுக்காரருக்கு நாம் இதுகூடச் செய்யவில்லையென்றால் எப்படி என்று பேசிக்கொண்டார்கள். முதல் ஆளாக வெயிலில் நின்று இடித்தது பால்பாண்டி. பின்பக்கம் இருந்தது அடுப்படி. சுவர் விழுந்ததும் ஊர் முழுக்க அடுப்படியைப் பார்த்தது. பாத்திமா போன நாள் முதல் கழுவாத டம்ளர்கள், பூசணம் பிடித்த குழம்புச்சட்டி, மூலையில் மலையாகப் பரோட்டாப் பொட்டலக் காகிதம். உமர் பாருக்கு லுங்கியைத் தூக்கிக் கட்டிக்கொண்டு, ஊர் பார்க்க உட்கார்ந்து பாத்திரம் விளக்கினார்.

படி வைக்காமல், தரையோடு தரையாக நிலை வைத்துக் கதவு மாட்டினார்கள். பழைய வாசலைச் செங்கல் வைத்து அடைத்தார்கள். ஆக, வீட்டுக்கு யார் வந்தாலும் முதலில் அடுப்படி. அதைத் தாண்டிப் படுக்கிற இடம். கடைசியில், வழியே இல்லாத மூலையில், விருந்தாளி உட்காரும் அறை.

பாத்திமா தங்கையோடு ஆட்டோவில் வந்து சந்தில் இறங்கினாள். சங்கிலியம்மாள் உள்பட பாதி ஊர் அங்கே நின்றது. கம்பை ஊன்றிக்கொண்டு, எதிலும் இடிக்காமல், நேராக நடந்து உள்ளே போனாள். அடுப்பைப் பார்த்தாள், புதுக் கதவைப் பார்த்தாள், அதற்கப்புறம் அவரைப் பார்த்தாள்.

"செத்துப்போன மாட்டுக்கு இருக்குற செல்வாக்கு உசுரோட இருக்குற ஒங்களுக்கு இல்ல" என்றாள்.

உண்மைதான் என்றார் உமர் பாருக்கு. முக்காலியை இழுத்துப் போட்டு அவளை உட்கார வைத்தார். அவள் காலை நீட்டிக்கொண்டாள். வலி முகத்தில் தெரிந்தது. அவர் அடுப்பைப் பற்றவைத்து, எங்கே எது இருக்கிறது என்று தெரியாமல் நாலு டப்பாவைத் திறந்து மூடி, டீ போட்டார். இஞ்சி தட்டத் தெரியாமல் விரலைத் தட்டிக்கொண்டார். வெளியே யாரோ சிரித்ததும் கதவைச் சாத்தப் போனார்.

"தொறந்தே இருக்கட்டும்" என்றாள் பாத்திமா. "கூட்டத்துல மைக்ல சொன்னீகளாமே, நான் வேணும்னு. அத நான் கேக்கல, ஊரு கேட்டுச்சு. இத நானும் பாக்குறேன், ஊரும் பாக்கட்டும்."

டீயை வாங்கி ஒரு வாய் குடித்தாள். சீனி ரொம்பத் தூக்கல். அவள் முகத்தைச் சுளிக்காமல் முழுவதையும் குடித்து முடித்து, டம்ளரை அவர் கையில் கொடுத்தாள்.

"நாளைக்குக் கொறச்சுப் போடுங்க" என்றாள்.