மூன்று மணிச் சங்கு

எங்கள் அப்பா மண்ணாங்கட்டி இரண்டாம் ஷிப்டுக்குக் கிளம்பியபோது அவர் சட்டையில் மார்புப் பித்தான் இல்லை. அம்மா ஊசியில் நீல நூலைக் கோத்துக்கொண்டு வருவதற்குள் ஆலையின் மூன்று மணிச் சங்கு ஊதிவிட்டது. "வந்து தெச்சிக்கலாம் கெங்கா" என்று ஓடினார். அன்று மாலை விம்கோ நகரிலிருந்த அந்தச் சாயப்பொடி ஆலையில் கொதிகலன் வெடித்தது. எடுத்த உடல்களில் அவர் இல்லை. அவருக்கு முன்னால் பிறந்த பிள்ளைகள் தங்காததால், எமன் கண்ணில் படாமலிருக்க வைத்த பெயர் மண்ணாங்கட்டி. கான்டிராக்டர் கண்ணிலும் படவில்லை. "மண்ணாங்கட்டியாவது தெருப்புழுதியாவது! அப்பிடி எவனும் இங்க வேல செய்யலம்மா" என்று அனுப்பிவிட்டார். அப்பா எண்ணூரில் எவளோடோ குடித்தனம் நடத்துவதாக எதிர்வீட்டு ரகுபதி கதை கட்டினார். எங்கள் பக்கத்தில் ஷிப்டுக்கும் சங்கு, சாவுக்கும் சங்கு. அப்பாவுக்கு இரண்டாவது சங்கை யாரும் ஊதவில்லை. ஆலையை இடித்தார்கள், மெட்ரோ வந்தது, ஓடிப்போனவன் பெண்டாட்டி என்ற பேச்சைக் குழாயடியில் கேட்டுக்கேட்டே அம்மாவுக்குத் தலை நரைத்தது.

அக்கா மதி ஓரிடத்தில் உட்காரமாட்டாள். சுவரில் வரைவாள், பறை அடிப்பாள், காகிதக் கூழில் முகங்கள் செய்வாள். எதிலும் மனம் ஆறாமல் கடைசியில் கேமராவைத் தூக்கினாள். செத்தும் கணக்கில் வராத ஆலைக்காரர்களைப் பற்றி ஓர் ஆவணப்படம். ஆலை இருந்த காலி மனையில் கேமராவை ஓடவிட்டதும் சங்கு ஊதியது. தெருவே கேட்டது. மனையில் ஆடுகள்தான் மேய்ந்துகொண்டிருந்தன. படத்தில் மட்டும் இரும்பு கேட் நின்றது, ஆட்கள் சைக்கிளில் வந்தார்கள். வேட்டியைத் திரையாகக் கட்டி தெருவில் அதைப் போட்டாள். திறந்த சட்டையை ஒரு கையால் பிடித்தபடி அப்பா கேட்டுக்குள் ஓடினார்.

"கெங்கம்மா, உன் ஊட்டுக்காரன்யா! உள்ளதான் பூந்துகினு கீறான்!" என்று ரகுபதி எழுந்துவிட்டார்.

"பின்ன எண்ணூருக்கா போவாரு? இத்தினி வருசமா இன்னா பேச்சு பேசுன, கஸ்மாலம்!" என்றாள் அம்மா.

தெரு சிரித்தது. ரகுபதி செருப்பைக் கழற்றிவிட்டு, படம் முடியும்வரை நின்றே பார்த்தார். ஷிப்டு விடுகிற சங்குக்கு மற்றவர்கள் எல்லாம் வெளியே வந்தார்கள். அப்பா வரவில்லை.

மதியால் அதோடு விட முடியவில்லை. பின் கேட்டிலிருந்து எடுத்தாள், மழையில் எடுத்தாள், காய்ச்சலோடு எடுத்தாள். ஒவ்வொரு முறையும் அவர் உள்ளே ஓடினார், அவ்வளவுதான். "ஒரே ஒருவாட்டி வெளிய வர்றத புடிச்சிட்டா போதும்மா" என்று தவித்தாள். அம்மா மூடியை எடுத்துக் கேமராவின் கண்ணில் மாட்டினாள். "உடு மதி. வேலைக்குப் போன மனுசன் வேலைல கீறாரு. ஓடிப்போவல. அது போதும் எனக்கு."

இப்போது கேமரா இல்லாமலே தினமும் மூன்று மணிக்குச் சங்கு ஊதுகிறது. அதைக் கேட்டுத்தான் பெண்கள் தண்ணீர் லாரிக்குக் குடம் வைக்கிறார்கள், ரகுபதி கைக்கடிகாரத்தைத் திருத்திக்கொள்கிறார். எங்கள் வீட்டில் வருடத்துக்கு ஒரு காலண்டர் மாறுகிறது. அதில் குத்திய ஊசியில் நீல நூல் கோத்தபடியே இருக்கிறது.