கூடாரப் பண்டிகைக்கு மறுநாள்

இப்போதெல்லாம் யார் வீட்டுக்குள் நுழைந்தாலும் கேட்காமல் நாற்காலியைத் தூக்கி வேறு இடத்தில் போட்டுவிடுகிறார்கள். போரில் தப்பியவர்களைப் பேசவைத்துப் படமெடுக்க வந்த மூன்று பேரும் அதைத்தான் செய்தார்கள். என் நாற்காலி சுவரைப் பார்த்து நின்றது. ஐம்பது வருடமாக நான் கதவுக்கு முதுகு காட்டி உட்கார்ந்ததில்லை. ஹைஃபா துறைமுகத்தில் மூட்டை தூக்கியவன் நான், படிப்பு இரண்டாம் வகுப்போடு சரி. படத்தில் பேசி யாருக்கு என்ன ஆகப்போகிறது?

“கீழ்வீட்டு ஃப்ரூமெத் மூணு மணி நேரம் பேசினா. நீங்க வாயத் திறந்தா பல்லு கொட்டிடுமா?” என்றாள் என் மனைவி ஹிந்தா, அவர்களுக்குக் கேக் வெட்டியபடி.

“எனக்கு ஏது பல்லு?”

சட்டையில் மைக்கை மாட்டினார்கள். முகத்தில் விளக்கு. கேள்வி கேட்ட பெண் நோகா, என் பெயரையும் பிறந்த ஊரையும் சொல்லச் சொன்னாள். அக்கம்பக்கத்து மாடிகளில் எங்கள் கூடாரப் பண்டிகைக்குக் கூடாரம் அடித்துக்கொண்டிருந்தார்கள். ஒவ்வொரு சுத்தியல் சத்தத்துக்கும் திரும்பிக் கதவைப் பார்த்தேன்.

சொன்னேன். போலந்தில் எங்கள் ஊர்ச் சதுக்கம். எனக்குப் பதின்மூன்று வயது. கூடாரப் பண்டிகைக்கு மறுநாள் ஜெர்மன் சிப்பாய்கள் அம்மாவை ஒரு வரிசையிலும் என்னை வேறு வரிசையிலும் நிறுத்தினார்கள். அம்மா நின்ற வரிசையைச் சாவு முகாமுக்கு ரயிலில் ஏற்றியதாகச் சொன்னார்கள். இனி யாருக்காக இருப்பது என்று மூன்று வாரம் கழித்து, யூதர்களை அடைத்திருந்த வேலிக்கு அடியில் ஊர்ந்து காட்டுக்குள் ஓடிவிட்டேன். எங்களைப் பிரித்த அந்த நாளையே அம்மாவின் நினைவு நாளாக வைத்துக்கொண்டேன். வருடாவருடம் மெழுகுவர்த்தி ஏற்றி, இறந்தவர்களுக்கான ஜெபத்தைச் சொல்கிறேன்.

கேமராவில் நாடா தீர்ந்தது. அதை மாற்றும் நேரத்தில் நோகா ஒரு தாளை எடுத்தாள்.

“ஐயா, உங்க அம்மா பேரு பெர்லா சில்பர்தானே? உங்க ஊர்த் தையல்கூடத்துல வேலை செஞ்சவங்க பட்டியல் இது. அந்த ரயில் போனதுக்கு அடுத்த வருஷம் பிப்ரவரியில எழுதுனது. கேமரா ஓடும்போது இத உங்க கையில குடுக்கலாமா?”

தையல்கூடம், அப்போது என்னை வேலைக்குப் போட்டிருந்த பட்டறையிலிருந்து இரண்டு தெரு தள்ளி இருந்தது. அது அம்மாதான் என்றால், நான் வேலிக்கு அடியில் ஊர்ந்தபோது அவள் அங்கே ஊசியோடு உட்கார்ந்திருக்கிறாள். உயிரோடு இருந்தவளுக்கு நான் காட்டில் சாவு ஜெபம் சொல்லியிருக்கிறேன். ஹிந்தாவின் கத்தி கேக்கில் அப்படியே நின்றது.

“எங்க ஊர்ல அந்தப் பேர்ல மூணு பேர் இருந்தாங்க.”

“பொறந்த வருஷமும் போட்டிருக்கு ஐயா. உங்க அம்மா வருஷம் சொல்லுங்க, பார்த்துடலாம்.”

வருடம் எனக்குத் தெரியும்.

“பட்டியல் எழுதுனவன் எவன்னு தெரியுமில்ல? அவன நம்பச் சொல்றியா?”

எழுந்து கதவைத் திறந்து வெளியே வந்தேன். ஹிந்தா கூப்பிட்டாள். மெழுகுவர்த்தி வாங்கி அலமாரியில் வைத்தாயிற்று. இந்த வருடமும் பண்டிகைக்கு மறுநாள்தான் ஏற்றுவேன். ரொட்டிக்காரன் பெண்டாட்டி ஒரு பெர்லா. காலை இழுத்து இழுத்து நடந்தவள் இன்னொருத்தி. அவளாகத்தான் இருக்கும். உட்கார்ந்து செய்கிற வேலைதானே தையல்.

படி இறங்கினேன். சட்டையில் மாட்டிய மைக்கின் வயர் படிக்குப் படி இடித்துக்கொண்டு பின்னாலேயே வந்தது.