மந்தையோடு வந்த வீடு

வட ஐஸ்லாந்தின் கிராவ்டால் ஊரில், அந்த வருஷம் செப்டம்பரில் மலைமேய்ச்சலிலிருந்து ஆடுகளை ஓட்டி வந்தபோது, மந்தையின் பின்னால் ஒரு வீடும் நடந்து வந்தது. சிவப்புத் தகரக் கூரை, இரண்டு ஜன்னல், ஒரு புகைபோக்கி. உள்ளே ஆள் இல்லை. ஆற்றைக் கடக்கும்போது மட்டும் கொஞ்சம் முரண்டு பிடித்ததாம். மற்றபடி சாது.

பட்டிக்கு வெளியே ஸ்டெய்னுன் எல்லோருக்கும் காபி ஊற்றிக்கொண்டிருந்தாள். புருஷன் கடலோடு போய்ப் பதினோரு வருஷம். அன்றிலிருந்து கொழுந்தன் வீட்டில், மாவு மூட்டைகளுக்குப் பக்கத்தில் ஒரு கட்டில்தான் அவளுக்கு. உள்ளிருந்து தாழ் போட்டுக்கொள்ளத் தனக்கென்று ஒரு கதவு. அதற்குமேல் அவள் ஆசைப்பட்டதில்லை. வீட்டைப் பார்த்ததும் ஊற்றுவதை நிறுத்திவிட்டாள்.

ஆடு ஓட்டுபவர்களின் தலைவர் டோர்ஃபியை ஊரில் மலையரசர் என்பார்கள். ஆட்டுக் காதில் சொந்தக்காரரின் வெட்டுக்குறியைத் தேடுவதைப் போல அவர் வீட்டின் நான்கு மூலைகளையும் தடவிப் பார்த்தார். குறி இல்லை. குறியில்லாத குட்டியை நடுப்பட்டியில் விட்டு, எந்தத் தாயிடம் போகிறதென்று பார்ப்பார்கள்; தாய் யாருடையதோ குட்டியும் அவருக்கே, அதுதான் வழக்கம். வீட்டையும் அப்படியே விட்டார்கள். நடுப்பட்டியைச் சுற்றி ஆளுக்கொரு அடைப்பு வைத்திருந்த பதினாறு பண்ணைக்காரர்களும் தத்தம் படலைத் திறந்துவைத்து, வைக்கோலைக் காட்டியும் நாக்கைச் சொடுக்கியும் கூப்பிட்டார்கள்.

"என்னக்கா பராக்கு? ஒங்களுக்கு ஏது ஆடு, ஏது படல்? காபிய ஊத்துங்க, ஆறிப்போகுது" என்றாள் கொழுந்தன் மனைவி போர்கில்டூர்.

வீடு ஒவ்வொரு படலாக நின்று மோந்து பார்த்தது. போர்கில்டூரின் படலில் வெகுநேரம் நின்றது. ஸ்டெய்னுனுக்குப் பாதி உயிர் போய்விட்டது. பிறகு வேலியைத் தாண்டி வந்து, அவள் முதுகில் கதவால் மெல்ல இடித்தது.

"படலே இல்லாதவங்களுக்கு எப்படிச் சொந்தமாகும்?" என்று போர்கில்டூர் பாய்ந்தாள்.

டோர்ஃபி மூக்குப்பொடியை உறிஞ்சினார். "படலு எங்க இருக்குன்னா பாத்தோம்? குட்டி எங்க போகுதுன்னுதான பாத்தோம். சும்மா கெட."

கத்தியை ஸ்டெய்னுனிடம் கொடுத்தார். அவள் கூரை இறவாணத்தின் இடது ஓரத்தில் தன் குறியாக ஒரு வெட்டு வெட்டினாள். வீடு லேசாகச் சிலிர்த்தது. உள்ளே போய்த் தாழ் போட்டுக்கொண்டு வாய்விட்டு அழுதாள். அன்று யாருக்கும் இரண்டாவது காபி கிடைக்கவில்லை.

ஜூனில் ஆடுகள் மலையேறியபோது வீடும் கால் மாற்றி நின்றது. ஸ்டெய்னுன் மறிக்கவில்லை, அடுப்பை அணைத்துவிட்டு அதோடு போனாள். கோடையில் அவளுக்கு வரும் கடிதங்களை, மந்தை எந்தப் பக்கம் மேய்கிறதென்று விசாரித்துவிட்டுத்தான் தபால்காரர் எடுத்துப் போகிறார்.