ஒரே காலையில் நாலு கல்யாணம்

அம்புரோஸ் ஃப்ளோராவின் கழுத்தில் முதல் தடவை தாலி கட்டியபோது காலை எட்டரை மணி. இரண்டாவது தடவை கட்டியபோதும் எட்டரை. மூன்றாவது தடவையும் அதே எட்டரையாக இருந்ததால், ராயபுரத்துக் கோயிலில் கூடியிருந்த சனம் சிரிப்பதா செபமாலை உருட்டுவதா என்று தெரியாமல் இரண்டையும் சேர்த்தே செய்துகொண்டிருந்தது.

நடந்தது இதுதான். எட்டு மணிக்குப் பூசை தொடங்கும். முக்கால் மணியில் கல்யாணம் முடிந்து எல்லோரும் பந்தலில் இலை முன்னால் உட்காருவார்கள். ஒன்பது அடித்ததோ இல்லையோ, எங்கிருந்தோ நீளமாக ஒரு விசில் கேட்கும். கண்ணை மூடித் திறந்தால் அத்தனை பேரும் மறுபடி கோயிலுக்குள் இருப்பார்கள். கடிகாரத்தில் மணி எட்டு. ஃப்ளோராவின் கழுத்தில் தாலி இருக்காது. தின்ற ஆப்பமும் பாயாவும் வயிற்றிலிருந்து மாயமாகி, பந்தலில் அண்டா விளிம்புவரை நிறைந்திருக்கும். இதில் சில பேருக்குச் சந்தோஷம்தான்.

"இன்னொரு தபா ஆவட்டுமே, இன்னா கெட்டுப்போச்சு?" என்றாள் பின் பெஞ்சிலிருந்து ஹில்டா சித்தி. அவள் மூன்று பந்தியிலும் முதல் வரிசையில் உட்கார்ந்தவள்.

ஃப்ளோராவுக்குச் சிரிப்பு வரவில்லை. அம்புரோஸ் கப்பல்காரன். பத்து மணிக்குத் துறைமுகத்தில் நிற்க வேண்டும். யுத்தக் கடல், திரும்பி வர எத்தனை மாதமோ. கல்யாணம் முடிந்து அவனோடு உட்கார்ந்து பேச அவளுக்கு இருந்ததே ஒரு மணி நேரம். அதற்குக்கூட வழியில்லாமல் ஏதோ ஒன்று தாலியைக் கழற்றிக் கழற்றி விளையாடினால் எவளுக்குத்தான் வயிறு எரியாது?

சாமியார் நாலாம் முறையாகத் தீர்த்தம் தெளித்துக்கொண்டிருந்தபோதுதான் அவளுக்குச் சட்டென்று உறைத்தது. அந்த விசில் அவளுக்குத் தெரிந்த விசில். கூட்ஸ் வண்டி கார்டு ஜேக்கப்பின் விசில். அவளுடைய அப்பா.

"அம்மா, நைனா செத்து எத்தினி வருஷம் ஆவுது?"

"மூணு. கண்ணாலத்தன்னிக்கு கேக்குற கேள்வியாடி இது?" என்றாள் சிலுவையம்மாள்.

"சண்டைக்கோசரம் சர்க்காரு கடியாரத்த ஒரு மணி முன்னாடி தள்ளிவெச்சது போன வருஷந்தானே? அத்த நைனாகிட்ட யாரு சொன்னது?"

சிலுவையம்மாள் வாயைப் பிளந்தாள். யாருமே சொல்லவில்லை. செத்தவருக்குச் சர்க்கார் உத்தரவு எப்படிப் போய்ச் சேரும்?

"நேத்து கல்லறையில மெழுவத்தி ஏத்தி, 'எட்டு மணிக்கு வந்துடு நைனா'ன்னு நான்தான் கூப்ட்டேன். அவரு எட்டுதான் நம்ப ஒம்போது. கரெக்டா வர்றாரு. வந்து பாத்தா கண்ணாலம் முடிஞ்சி பந்தி நடந்துகினு கீது. கோவம் வராதா?"

"இப்போ இன்னா பண்ணலான்ற?"

"ஒம்போது வரிக்கும் காத்துகினு இருக்கலாம்."

"அடிப்பாவி, அப்புறம் மாப்ளைகூட பேச ஒனக்கு ஏதுடி நேரம்?"

அது ஃப்ளோராவுக்கும் தெரியும். அவள் அம்புரோஸைப் பார்த்தாள். அவனோ பல்லெல்லாம் தெரியச் சிரித்தான்.

"மூணு தபா கட்டி கை நல்லா பழகிப்பூட்ச்சி. நாலாவது உங்க நைனா எதிர்க்கவே கட்டிப்புடலாம்."

காத்திருந்தார்கள். அந்த ஒரு மணி நேரம்போல நீளமான ஒரு மணி நேரத்தை ராயபுரம் பார்த்ததில்லை. சாமியார் முறைத்தார், பாண்டுக்காரர்கள் கொட்டாவி விட்டார்கள், ஹில்டா சித்தி பாயா ஆறிப்போகும் என்று புலம்பினாள்.

ஒன்பது அடித்தது. விசில் கோயில் வாசலிலேயே கேட்டது. கடிகாரம் பின்னால் போகவில்லை. லாடம் அடித்த பூட்ஸ் சத்தம் நடுவில் நடந்து வந்து முன் பெஞ்சருகே நின்றது. ஆள் மட்டும் இல்லை. சிலுவையம்மாள் முக்காட்டைச் சரிசெய்துகொண்டு நகர்ந்து இடம் விட்டாள்.

"இப்டி குந்துங்க. எம்மா நேரமா உங்களுக்கோசரம் காத்துகினு கீறோம்."

பெஞ்சு கிறீச்சிட்டது. கோயில் முழுக்கக் கொல்லென்று சிரித்தது, சாமியாரும்தான்.

நாலாவது தாலி ஏறியது. பூசை முடிந்தபோது மணி ஒன்பதே முக்கால். அம்புரோஸ் கையில் இரண்டு ஆப்பத்தைச் சுருட்டித் திணித்து அனுப்பத்தான் நேரமிருந்தது. அவன் ஓடிப்போய் ஜட்காவில் ஏறித் திரும்பிப் பார்த்தான். அந்த முகத்தைப் பார்த்ததும் ஃப்ளோராவுக்கு நெஞ்சு பொங்கியது. ஒரு மணி நேரம், ஒரே ஒரு மணி நேரம். கேட்டால் ஒரு விசிலில் திருப்பித் தராத அப்பாவா? பக்கத்தில் பூட்ஸ் சத்தம் வந்து நின்றது, கேளேன் என்பதுபோல.

"நைனா..." என்று வாயைத் திறந்தாள்.

கை தானாகக் கழுத்துக்குப் போனது. தாலி இருந்தது. கெட்டியாக, கழுத்துச் சூட்டோடு இருந்தது.

"ஒண்ணும் இல்ல நைனா, நீ போய் சாப்புடு" என்று சொல்லிவிட்டு, கண்ணைத் துடைத்துக்கொண்டு ஜட்காவைப் பார்த்துக் கத்தினாள்: "சீக்கிரம் போய்யா, கப்பல் பூடப் போவுது!"