தீர்ப்புக்கு முன் எழுந்து போனவர்

ரத்தம் சிந்தும் தீர்ப்பு சொல்லும் இடத்தில் பாதிரிமார் இருக்கக் கூடாது. அது திருச்சபையின் சட்டம். ராஜசபையில் விசாரணை முடிந்து, தலையா கையா என்ற பேச்சு வந்ததும் பிஷப்புகள் அங்கியைச் சேர்த்துப் பிடித்துக்கொண்டு வெளியே போய்விடுவார்கள். பிரபுக்கள் உள்ளே உட்கார்ந்து தூக்குக்கு அனுப்புவார்கள். பழி அவர்களுக்கு, புண்ணியம் இவர்களுக்கு. நல்ல ஏற்பாடுதான்.

பிஷப் ஹாமோ இப்படிப் பல தடவை எழுந்து போயிருக்கிறார். மாவு அரைப்பவனின் மகனாகப் பிறந்து, அரண்மனையில் எழுத்தராக நுழைந்து, ராஜமுத்திரையைக் காக்கும் அளவுக்கு உயர்ந்தவர். பிஷப்புகளுக்கெல்லாம் மேலான பேராயர் பதவி காலியாகக் கிடந்தது; அதுவும் அவருக்குத்தான் என்று ஊரே பேசியது. அந்த நேரம் பார்த்து அக்கா ஆல்டித் வந்து நின்றாள்.

தாயில்லாத ஹாமோவை இடுப்பில் சுமந்து வளர்த்தவள் அவள். பீர் காய்ச்சி விற்று அவரை மடத்துப் பள்ளியில் படிக்க வைத்தவளும் அவள்தான். அவளுடைய ஒரே மகன் வில்கின், கலகம் செய்த பிரபு ஒருவனின் கோட்டையில் கையில் வில்லோடு பிடிபட்டிருந்தான்.

"கூலிக்குப் போனவன்டா அவன். கலகமாவது மண்ணாங்கட்டியாவது! எசமான் மதில்மேல நில்லுன்னான், நின்னான்."

"தெரியும்க்கா."

"தெரிஞ்சு என்ன பிரயோசனம்? ராஜாகிட்ட ஒரு வார்த்தை கேளு. வாயில என்ன புண்ணா?"

"நாளைக்கு சபையில பேசுறேன். நிச்சயமா பேசுறேன்."

மனதாரத்தான் சொன்னார். மறுநாள் காலைப் பூசையின்போதே என்ன பேசுவது என்று சொற்களை அடுக்கி வைத்துக்கொண்டார்.

சபையில் கைதிகளின் பெயர்களைப் படித்தார்கள். வில்கின் பெயரும் வந்தது. "எல்லாப் பயலையும் வரிசையா தொங்கவிடணும்" என்று ஒரு பிரபு உறுமினான். ஹாமோ வாயைத் திறந்தார். ராஜாவின் பார்வை அவர் பக்கம் திரும்பியது. அதில் இருந்தது கோபமா, வேறு ஏதாவதா என்று அவருக்குப் பிடிபடவில்லை. பேராயர் பதவி ஞாபகம் வந்தது. சாப்பாட்டுக்கு அப்புறம், ராஜா மனசு குளிர்ந்திருக்கும்போது தனியாகக் கேட்டுக்கொள்ளலாமே என்று தோன்றியது. பக்கத்து ஆசனத்து பிஷப் எழுந்தார். ஹாமோவும் எழுந்தார். சட்டப்படி நடந்தவரை யார் குறை சொல்ல முடியும்? கதவை வெளியிலிருந்து சாத்திக்கொண்டு போனார்கள்.

மான் கறியும் திராட்சை ரசமும் முடிந்தபின் ராஜாவைத் தனியாகப் பிடித்தார்.

"மகாராஜா, அந்த வில்கின்... என் அக்கா மகன்."

"தெரியும்யா. உன் முகத்தைத்தான் பார்த்துக்கிட்டே இருந்தேன். நீ ஒரு வார்த்தை கேட்டா விட்டுடலாம்னு இருந்தேன். நீ பாட்டுக்கு எழுந்து போயிட்டே."

"இப்பவாவது..."

"பிரபுக்கள் முன்னாடி சொல்லியாச்சு. சொன்ன சொல்லை முழுங்கினா நாளைக்கு எவன் மதிப்பான்?" ராஜா அவர் தோளில் தட்டினார். "ஆனா ஒண்ணு. சொந்த ரத்தம்னுகூட பார்க்காம கல்லு மாதிரி போனியே, அப்படிப்பட்ட ஆளுதான் எனக்குப் பேராயரா வேணும்."

இத்தனை வருஷம் ஏங்கிய பதவி. ஹாமோ நேரே சிறைக்கு நடந்தார்.

சிறைவாசலில் ஆல்டித் அவர் முகத்தைப் பார்த்தாள். விளங்கிவிட்டது.

"நீ பேசியுமா அந்த ராஜா கேக்கல?" என்றாள். பதிலுக்குக் காத்திருக்கவில்லை, சுவரில் சாய்ந்து சரிந்து உட்கார்ந்தாள். "உள்ள போப்பா. பாவமன்னிப்பையாவது என் புள்ள தாய்மாமன் கையால வாங்கட்டும்."

உள்ளே ஈர வைக்கோலில் வில்கின் மண்டியிட்டான். பிறத்தியார் தோட்டத்தில் ஆப்பிள் திருடியது, அம்மாவிடம் எரிந்து விழுந்தது, மதில்மேலிருந்து ஒரே ஒரு அம்பு விட்டது, அது யார்மேல் பட்டதோ தெரியாதது, எல்லாவற்றையும் ஒளிக்காமல் சொன்னான். ஹாமோ சிலுவை வரைந்து மன்னித்தார்.

"மாமா, எனக்காக ராஜாகிட்ட பேசப்போறீங்கன்னு அம்மா சொன்னா. பேசினீங்களா?"

ஹாமோ அவன் தோளைப் பிடித்துக்கொண்டார்.

"பேசினேன்டா" என்றார். பொங்கி வந்த அழுகையை அடக்க முடியவில்லை.

"அழாதீங்க மாமா. ராஜா கேக்கலன்னா நீங்க என்ன பண்ணுவீங்க?" என்று சொல்லி, விலங்கு பூட்டிய கையாலேயே அவர் கண்ணைத் துடைத்துவிட்டான்.