சமையல்கட்டுக்கு வந்த மாலா ஹாரி

கொல்கத்தாவின் பெஹாலாவில் நர்ஸாக இருந்த வீட்டில் பெரியவர் ஒருவர் இறந்துபோக, அந்த வழக்கில் கைதான வித்யாலக்ஷ்மி பெண்கள் சிறைக்கு வந்து நாலு வருஷம் ஆகியிருந்தது. விசாரணை இன்னும் தொடங்கவில்லை.

வந்த அன்று பயத்தில் அவளுக்குக் குமட்டிக்கொண்டே இருந்தது. "மீன் சாப்பிடுவியா?" என்று மேட்ரன் கேட்டபோது வேண்டாமென்று தலையாட்டினாள். மீன் தொடாத மதராஸி, பெயரில் லக்ஷ்மி, பின்னால் குடும்பப் பெயரும் இல்லை. பதிவேட்டின் சாதிக் கட்டத்தில் 'பிராமின்' என்று எழுதிச் சமையலுக்கு அனுப்பிவிட்டார்கள். அவள் மறுக்கவில்லை. மறுத்தால் கழிவறை வாளி. அப்பா கரக்பூர் ஸ்டேஷனில் அந்த வாளியோடுதான் ஆயுள் முழுக்க வேலை பார்த்தார்.

சிறையில் சாதி பார்த்து வேலை கொடுக்கக் கூடாதென்று உச்ச நீதிமன்றம் சொன்ன பிறகு, புதுப் பதிவேட்டில் அந்தக் கட்டமே இல்லை. கழிவறை கழுவிக்கொண்டிருந்த மாலா சமையல்கட்டுக்கு வந்தாள்; ஹாரி என்ற அவள் பெயரே அங்கே துப்புரவுச் சாதி என்று சொல்லிவிடும். அன்றே பாதிப் பேர் சோற்றைத் தொடவில்லை.

மூன்றாம் நாள், வார்டில் எல்லோரும் பயப்படும் ஷிப்ரா சட்டர்ஜி வந்து நின்றாள்.

"லக்ஷ்மி தீதி, நீ மட்டும் சமைச்சுக் கொடு. அவ பாத்திரம் தேய்க்கட்டும்."

"சண்டை வேணாம், சரின்னு சொல்லிடு" என்றாள் மேட்ரன்.

மாலா கரண்டியைக் கீழே வைக்கக் குனிந்தாள். அதைப் பார்த்ததும் வித்யாலக்ஷ்மி ஷிப்ராவின் பக்கம் திரும்பினாள்.

"எங்கப்பா கக்கூஸ் கழுவினவர். நானும் அந்த ஜாதிதான். நாலு வருஷமா என் கையாலதான் சாப்பிட்டீங்க."

ஒருத்தி வாய் கொப்பளிக்கக் குழாயடிக்கு ஓடினாள். ஷிப்ரா தட்டை வைத்துவிட்டுப் போனாள். பசி பொறுக்காத பதினோரு பேர் உட்கார்ந்து சாப்பிட்டார்கள். நீதிமன்ற உத்தரவு இருந்ததால் மேட்ரனால் இருவரையும் சமையலிலிருந்து மாற்ற முடியவில்லை.

சாயங்காலம் வித்யாலக்ஷ்மி வார்டுக்குத் திரும்பியபோது, அவளுடைய கம்பளியை யாரோ கழிவறைச் சுவரோரம், மாலாவின் படுக்கைக்குப் பக்கத்தில் வீசியிருந்தார்கள். மாலா நன்றி எதுவும் சொல்லவில்லை.

"நாலு வருஷம் நான் வாளி தூக்கினதைப் பார்த்துக்கிட்டுதானே இருந்தே?"

"ஆமா" என்றாள் வித்யாலக்ஷ்மி.

மாலா சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டாள். வெளியே தலைகளை எண்ணி முடித்துக் கதவைப் பூட்டினார்கள்.