நிழல் விழுந்த டேக்

1

இந்தக் கதையை நான் கற்பனை செய்யவில்லை, ஒட்டுக்கேட்டேன். ஒரு சின்னப் படத்துக்கு வசனம் எழுதப் போன இடத்தில், வசனத்தை விட்டுவிட்டு ஒளிப்பதிவாளரையே கவனிக்க ஆரம்பித்துவிட்டேன்.

‘ஒளியின் காதலரான அவர்…’

(அடித்துவிட்டேன். படித்தால் என்னோடு பேசமாட்டார்.)

‘ஜன்னலோரம் வெயிலுக்காகக் காத்திருந்த…’

(பரவாயில்லை. ஆனால் வெயிலுக்கு மட்டும் காத்திருக்கவில்லை.)

2

பெரிய நிறுவனப் படங்கள் பக்கமே இவர் போனதில்லை. விளக்கு வைக்கமாட்டார். ஜன்னலைத் திறப்பார், எதிரே வெள்ளைத் துணி கட்டுவார், வெளிச்சம் வாகாக விழும்வரை டீ குடிப்பார். எந்த அறையானாலும் ஒரு மூலையை இருட்டாகவே விடுவார். விமர்சகர்கள் அதைத் தனிமையின் அழகியல் என்று எழுதினார்கள்.

“மண்ணாங்கட்டி,” என்றார் என்னிடம். “அது என் வீட்டுக்காரி நிக்கிற இடம்ங்க.”

3

மனைவி ஒலிப்பதிவாளர். (ஒளி, ஒலி. ஒரே எழுத்துதான் வித்தியாசம், தட்டச்சில் என் விரல் இருவரையும் மாற்றிப் போடுகிறது.) கோலில் கட்டிய மைக்கோடு அந்த இருட்டில் நின்றால் சுவரில் நிழல் விழாது. ஆரம்பப் படங்களையெல்லாம் இருவரும் அப்படித்தான் எடுத்தார்கள்.

ஒருநாள் அந்த அம்மா, “வீட்டுல இருக்கறப்பவும் நீங்க ஜன்னலத்தான் பாக்கறீங்க,” என்று சொல்லிவிட்டுப் போனவர்தான். வானொலி நிலையத்தில் சேர்ந்துவிட்டார். (இங்கே தட்டு உடைகிற சண்டை ஒன்று வைத்திருந்தேன். பொய்யாக இருந்தது. எடுத்துவிட்டேன்.)

அதற்குப் பிறகும் இவர் படங்களில் மூலை இருட்டாகவே இருந்தது.

4

எங்கள் ஒலிப்பதிவாளருக்குக் காய்ச்சல். மாற்றாக வந்தது அந்த அம்மா.

“சாப்டியா?” என்றார் இவர்.

“ஆச்சு. ஃப்ரேம் எதுவரைக்கும்?”

இவர் மூலையைக் காட்டினார்.

நடிகைக்கு அழுகைக் காட்சி. குரல் கம்மிப்போய், மூலைவரை எட்டவில்லை. டேக் ஓடும்போதே அந்த அம்மா மெல்ல முன்னால் நகர்ந்தார். சுவரில் நிழல் விழுந்தது. தூக்கிய கைகள், சாய்ந்த தலை. உடனே நிறுத்தச் சொல்லவேண்டியவர் இவர்தான். கேமராவிலிருந்து கண்ணை எடுக்கவே இல்லை.

“ஐயோ, நிழல் சார்!” என்றார் இயக்குநர். “இந்த நடிப்பு மறுபடி வராதே. சரி, கம்ப்யூட்டர்ல அழிச்சிரலாம்.”

“இருக்கட்டும். அந்த ரூம்ல இன்னொருத்தங்க இருந்தா என்ன?” என்றார் இவர்.

அந்த அம்மா ஒயரைச் சுருட்டிக்கொண்டே, “அழிச்சிடுங்க. அப்படி ஒருத்தங்க கதையிலயே இல்ல,” என்றார்.

இவர் என் பக்கம் திரும்பினார். “எழுதினவர் நீங்கதானே. நீங்களே சொல்லுங்க, இருக்காங்களா, இல்லையா?”

5

நான் சொன்ன பதில்

(இல்லை, இந்த வாக்கியம் வேண்டாம். நான் பதில் சொல்வதற்குள் அந்த அம்மா மைக் பெட்டியை மூடிவிட்டார்.)

கனமான பெட்டி. ஒரு பக்கக் கைப்பிடியை அவர் தூக்க, மறுபக்கத்தை இவர் பிடித்துக்கொண்டார். “விடுங்க” என்று அவர் சொல்லவில்லை. “வாங்க” என்றும் சொல்லவில்லை. இருவரும் படியிறங்கினார்கள். கீழே வண்டிக் கதவு திறக்கும் சத்தம் கேட்டது.

இவரும் ஏறினாரா என்று தெரிவதற்குள், கதவு சாத்தும் சத்தத்துக்கு முன்பே, நான் எழுந்து உள்ளே போய்விட்டேன். ஜன்னல் திறந்துதான் இருக்கிறது. நீங்கள் எட்டிப் பாருங்கள்.